நில எடுப்பு நோட்டீஸ் வந்துடுச்சா? ரிட் போடறதுக்கு முன்னாடி இதைப் படிங்க

நான் வக்கீல் இல்ல, வக்கீல் குமாஸ்தா. பதினோரு வருஷமா ஹைகோர்ட்டுக்கு ரிட் மனு (அரசு உத்தரவை எதிர்த்து நேரா ஹைகோர்ட்ல போடற மனு) டைப் செஞ்சு, ஃபைல் பண்ணி, குறை இருக்குன்னு கோர்ட் ரிட்டர்ன் பண்ணினதை சரி பண்ணி திரும்ப போட்டுட்டு இருக்கேன். அதுல பாதி நில எடுப்பு கேஸ்தான். அதனால இங்க எழுதறது சட்ட ஆலோசனை இல்ல, உங்க வக்கீல்கிட்ட போய் உக்காரும்போது கையில என்ன இருக்கணும், எந்த நாளை தவற விடக்கூடாதுங்கறது மட்டும்.

முதல்ல ஒரு விஷயத்தை மனசுல போட்டுக்கோங்க. நோட்டீஸ் வந்தவுடனே எல்லாரும் சொல்றது "எங்க நிலம் மூணு போகம் விளையுற நிலம் சார், பக்கத்துலயே புறம்போக்கு சும்மா கிடக்கு சார்"ன்னுதான். நியாயமான பேச்சு, ஆனா ஹைகோர்ட் ஜட்ஜ் அதைக் கேட்டு முடிவு பண்ணமாட்டார். ரோடு எந்தப் பக்கம் போகணும், தொழிற்பேட்டை எங்க வரணும்ங்கறது அரசோட வேலைன்னு கோர்ட் ஒதுங்கிடும். அவங்க பாக்கறது அரசு அந்த முடிவுக்கு வந்த வழியைத்தான். நோட்டீஸ் முறையா கொடுத்தாங்களா, உங்க ஆட்சேபணையைக் கேட்டாங்களா, கேட்டதுக்கு காரணம் சொல்லி பதில் சொன்னாங்களா, சட்டம் சொன்ன கெடுவுக்குள்ள செஞ்சாங்களா, உண்மையிலேயே பொதுக் காரியம்தானா. இதுல ஓட்டை இருந்தா கேஸ் நிக்கும், இல்லன்னா எவ்வளவு நல்ல நிலமா இருந்தாலும் நிக்காது.

சரி, நோட்டீஸை கையில எடுங்க. அதுல என்ன தொகை, எத்தனை சென்ட்னு பாக்கறதுக்கு முன்னாடி மேல எந்த சட்டம், எந்தப் பிரிவுன்னு போட்டிருக்கும் பாருங்க, அதுதான் முக்கியம். எல்லா நில எடுப்பும் 2013 நில எடுப்புச் சட்டத்துலதான் நடக்குதுன்னு நிறைய பேர் நெனச்சிட்டு இருக்காங்க, அது தப்பு. 1894 சட்டம் போய் 2014 ஜனவரி 1-லேர்ந்து 2013 சட்டம் வந்துச்சு, சரிதான், ஆனா நேஷனல் ஹைவேஸ்னா 1956 சட்டம் தனி, ரயில்வே தனி. இது போக தமிழ்நாட்டுக்குன்னே மூணு சட்டம் இருக்கு: ஆதிதிராவிடர் நலத் திட்டத்துக்கு 1978 சட்டம், தொழில் தேவைக்கு 1997 சட்டம், மாநில நெடுஞ்சாலைக்கு 2001 சட்டம். சிப்காட்டுக்குன்னு (அரசோட தொழிற்பேட்டை நிறுவனம்) எடுத்தா பெரும்பாலும் அந்த 1997 சட்டம்தான், பரந்தூர் ஏர்போர்ட்டுக்கும் அதுலதான் நோட்டீஸ் போகுது. இந்த மூணும் செல்லாதுன்னு 2019 ஜூலைல மெட்ராஸ் ஹைகோர்ட் தீர்ப்பு சொல்லுச்சு, ஊர்ல வெடியெல்லாம் போட்டாங்க, ஆனா அதே வருஷம் அரசு 2013 செப்டம்பர்லேர்ந்து செல்லுபடி ஆகற மாதிரி புதுச் சட்டம் போட்டு மூணையும் உயிர்ப்பிச்சுது, 2021 ஜூன்ல சுப்ரீம் கோர்ட்டும் அது சரின்னு சொல்லிடுச்சு. அதனால இன்னைக்கு யாராவது "2013 சட்டம் கேக்கற சமூகத் தாக்க மதிப்பீடு (ஜனங்களுக்கு என்ன பாதிப்புங்கற ஆய்வு) பண்ணலையே, அதை வெச்சே சிப்காட் நோட்டீஸை உடைச்சிடலாம்"னு சொன்னா கொஞ்சம் யோசிங்க, அந்தக் கதவு அடைச்சாச்சு. இழப்பீட்டுக் கணக்குதான் 2013 சட்டப்படி வரும், நடைமுறை வராது.

எந்த சட்டம்னு தெரிஞ்சுதா, அப்புறம் காலண்டர். 2013 சட்டம்னா 11-ம் பிரிவு முதல் அறிவிப்பு வந்த நாள்லேர்ந்து 60 நாளுக்குள்ள ஆட்சேபணை. நேஷனல் ஹைவேஸ்னா 3ஏ அறிவிப்பு (நிலம் எடுக்கப் போறோம்னு சொல்ற முதல் அறிவிப்பு) வந்து வெறும் 21 நாள்தான். தமிழ்நாட்டு சட்டங்கள்ல ஷோகாஸ் நோட்டீஸ்ல (ஏன் எடுக்கக் கூடாதுன்னு காரணம் கேக்கற நோட்டீஸ்) என்ன கெடு போட்டிருக்கோ அது. கெடு, நீங்க பாத்த நாள்லேர்ந்து ஓடும்னு நெனச்சிடாதீங்க. ஹைவேஸ் அறிவிப்பு கெஜட்லயும் ரெண்டு பேப்பர்லயும் வந்தா போதும், உங்க வீட்டுக் கதவைத் தட்டி யாரும் குடுக்க மாட்டாங்க, அந்தப் பேப்பர்ல ஒண்ணு நம்ம ஊர்ல யாருமே வாங்காத பேப்பரா இருக்கும். அதனால பக்கத்து கிராமத்துல கல்லு நடறாங்கன்னு கேள்விப்பட்ட அன்னைக்கே விஏஓ ஆபீஸ் போய் விசாரிங்க, இருக்கறதுலயே முந்தின தேதியை வெச்சு நாள் எண்ணுங்க.

அரசுக்கும் கெடு இருக்கு, அதையும் குறிச்சு வெச்சுக்கோங்க. 2013 சட்டத்துல முதல் அறிவிப்புலேர்ந்து 12 மாசத்துக்குள்ள 19-ம் பிரிவு விளம்புகை (நிலத்தை எடுக்கறது உறுதின்னு சொல்ற அறிவிப்பு) வரணும், அதுலேர்ந்து 12 மாசத்துக்குள்ள அவார்டு (இழப்பீட்டை முடிவு பண்ற உத்தரவு) போடணும், நீட்டிக்கணும்னா காரணம் எழுதி நீட்டிக்கணும். ஹைவேஸ்ல 3ஏ-லேர்ந்து ஒரு வருஷத்துக்குள்ள 3டி (எடுப்பை உறுதி பண்ற அறிவிப்பு) வரலைன்னா 3ஏ செத்துப் போச்சு. இது நம்ம பக்கம் இருக்கற நல்ல ஆயுதம், ஆனா இதுல ஒரு கண்ணி இருக்கு, ஸ்டே (இடைக்காலத் தடை) பத்தி சொல்றப்ப சொல்றேன்.

இப்ப ஆட்சேபணை மனு. நான் இத்தனை வருஷத்துல பாத்தவரைக்கும் கேஸ் ஜெயிக்கறதும் தோக்கறதும் ஹைகோர்ட்ல இல்ல, இந்த மனுவுலதான். ஊர்ல ஒருத்தர் எழுதி, ஜெராக்ஸ் போட்டு, கீழ எல்லாரும் கையெழுத்துப் போட்டுக் குடுப்பாங்க. வேண்டாம். அவங்கவங்க சர்வே நம்பர், உட்பிரிவு, பரப்பு, கிணறு, போர், தென்னை எத்தனை, பம்ப்செட் சர்வீஸ் நம்பர், எல்லாம் போட்டு தனித்தனி மனுவா குடுங்க. ஏன்னா தனி மனுவுக்கு தனியா பதில் சொல்லணும், நூறு பேருக்கு ஒரே பதிலை சைக்ளோஸ்டைல் மாதிரி அடிச்சுக் குடுத்தா அதுவே நாளைக்கு உங்களுக்கு ஒரு பாயின்ட். பட்டா தாத்தா பேர்லயே இருக்கா, கூட்டுப் பட்டாவா, உடனே வாரிசு சான்றிதழ் போட்டு மாத்த மனு குடுங்க, மாறலைன்னாலும் "நாங்கதான் வாரிசு, எங்களுக்குத் தனியா நோட்டீஸ் வேணும்"னு எழுதிக் குடுங்க. செத்துப்போனவர் பேர்ல நோட்டீஸ் விட்டு வேலையை முடிக்கறது ரொம்ப சகஜம், நீங்க முன்கூட்டியே எழுதிக் குடுத்திருந்தா "எங்களுக்குத் தெரியாது"ன்னு அவங்க சொல்ல முடியாது.

மனுவுல அழுகையும் எழுதுங்க, தப்பில்ல, ஆனா அதோட கேள்வியும் வைங்க. இந்த திட்டத்துக்கு இவ்வளவு பரப்பு எதுக்கு, ஏற்கெனவே எடுத்த நிலம் எவ்வளவு சும்மா இருக்கு, பக்கத்து அரசு நிலத்தைப் பரிசீலிச்சீங்களா, நீர்வழிப் பாதை இருக்கே அதுக்கு என்ன ஏற்பாடு. கேள்வி கேட்டா பதில் சொல்லணும், பதில் சொல்லலைன்னா "மனதைச் செலுத்தவே இல்ல"ன்னு வக்கீல் வாதாட முடியும். நேர்ல குடுத்தா தபால் பிரிவுல சீல், தேதி, இனிஷியல் வாங்காம நகராதீங்க. கூடவே ஒப்புகையோட ஸ்பீட் போஸ்ட்லயும் அனுப்புங்க, அந்த ரசீதை லேமினேட் பண்ணாதீங்க, மங்கிடும், போட்டோ எடுத்து வைங்க.

அடுத்தது விசாரணை. எங்க சித்தப்பா கதையை இங்கதான் சொல்லணும். அவரோட 1.20 ஏக்கர் ஒரு திட்டத்துல போச்சு, எந்த ஊர், எந்த ஆபீஸ்னு வேண்டாம். விசாரணைன்னு கூப்பிட்டாங்க, நானும் போனேன். ஒரு பெரிய ஹால், நூறு பேருக்கு மேல கூட்டம், ஒரு மேஜை, ஒரு கிளார்க். ஏற்கெனவே அடிச்சு வெச்ச தாள், அதுல பேரும் சர்வே நம்பரும் மட்டும் காலி இடம். கிளார்க் பேரைக் கேட்டு எழுதி "இங்க ஒரு கையெழுத்து பெரியவரே"ன்னு நீட்டினார். சித்தப்பா கண்ணாடியை எடுக்கறதுக்குள்ள பின்னாடி நிக்கறவங்க தள்ளறாங்க, போட்டுட்டார். எல்லாம் சேர்த்து மூணு நிமிஷம் இருக்கும். நான் ஓரமா நின்னு டீ குடிச்சிட்டு இருந்தேன், அதை நெனச்சா இன்னைக்கும் எரிச்சல்தான். அப்புறம் ரிட் போட்டப்ப அரசு போட்ட பதில் மனுவுல (கவுன்டர்) அந்தத் தாளை இணைச்சிருந்தாங்க: "திட்டத்திற்கு ஆட்சேபணை இல்லை, கூடுதல் இழப்பீடு மட்டும் வேண்டும் என வாக்குமூலம் அளித்தார்." அதுக்கு மேல ஜட்ஜ் என்ன பண்ணுவார் சொல்லுங்க.

அதே வரிசையில ஒரு ஆச்சி இருந்தாங்க, நாலாவது வரைக்கும்தான் படிச்சவங்க. தாளை வாங்கி நிதானமா படிச்சுப் பாத்துட்டு "இது நான் சொன்னதில்லையேப்பா"ன்னு சொல்லி, அடிச்சிருந்த வரியைக் கோடு போட்டு அடிச்சிட்டு, கீழ "எனக்கு நிலம் குடுக்க சம்மதமில்லை, எழுதிக் குடுத்த மனுவுக்கு பதில் வேணும்"னு கோணல் எழுத்துல எழுதி கையெழுத்துப் போட்டாங்க. பின்னாடி அவங்க மனு ஒண்ணுதான் மறு விசாரணைக்குப் போச்சு. சட்டம் படிச்ச நான் பண்ணாததை அவங்க பண்ணாங்க (சட்டம் டைப் பண்ணவன்னு வெச்சுக்கோங்க). ஆக விசாரணைக்குப் போனா வக்கீலோட போங்க, 2013 சட்டத்துலயும் ஹைவேஸ் சட்டத்துலயும் அதுக்கு உரிமை இருக்கு, சொல்றதை எழுத்துலயும் குடுங்க, வாக்குமூலத்தைப் படிக்காம கையெழுத்துப் போடாதீங்க, நகல் கேளுங்க, குடுக்கலைன்னா அன்னைக்கே "நகல் கேட்டேன், தரவில்லை"ன்னு ஒரு தபால் போட்டுடுங்க.

இந்த விசாரணை சும்மா சடங்கு இல்லைன்னு சுப்ரீம் கோர்ட் பல தடவை சொல்லியிருக்கு. 2024 மே மாசம் கொல்கத்தா மாநகராட்சி கேஸ்ல அரசியல் சட்டத்தோட 300ஏ பிரிவுக்குள்ள (சட்டப்படி இல்லாம யாரோட சொத்தையும் பறிக்கக் கூடாதுங்கறது) ஏழு உரிமை அடங்கியிருக்குன்னு வரிசைப்படுத்தினாங்க. நோட்டீஸ் பெறும் உரிமை, ஆட்சேபணையைக் கேட்க வைக்கும் உரிமை, காரணத்தோட முடிவு, பொதுக் காரியத்துக்கு மட்டுமே எடுக்கறது, நியாயமான இழப்பீடு, தாமதமில்லாத நடைமுறை, கடைசில முறையா முடிச்சு வைக்கறது. சொத்துரிமை அடிப்படை உரிமை இல்லைன்னு 1978-லயே 44-வது திருத்தத்துல எடுத்துட்டாங்கதான், அதுக்காக அது ஒண்ணுமே இல்லைன்னு ஆகிடாது. வக்கீல்கிட்ட இந்தத் தீர்ப்பு தெரியுமான்னு கேளுங்க, தெரிஞ்சிருக்கும், இருந்தாலும் கேளுங்க.

ஆட்சேபணை குடுத்த கையோட ஆர்டிஐ ஒண்ணு போடுங்க. 10 ரூபா கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, என் ஆட்சேபணை மேல கலெக்டர் அரசுக்கு அனுப்பின அறிக்கை நகல், அது மேல அரசு போட்ட உத்தரவு நகல், நிலம் கேட்கும் துறை குடுத்த குறிப்புரை நகல், இதைக் கேளுங்க. 30 நாள்ல வரணும், வரலைன்னா மேல்முறையீடு. இதெல்லாம் இல்லாம "என்னைக் கேக்கவே இல்ல"ன்னு வாயால சொல்லி ரிட் போட்டா, அரசு ஃபைலைத் தூக்கிட்டு வந்து காட்டும்போது நமக்கு பதில் இருக்காது.

எப்ப கோர்ட்டுக்குப் போறது? சீக்கிரம் போனா "ஆட்சேபணை குடு, இப்பவே ஏன் வந்த"ன்னு திருப்பி அனுப்புவாங்க. லேட்டா போனா, அதாவது அவார்டு போட்டு சுவாதீனமும் (நிலத்தைக் கையில) எடுத்த பிறகு போனா, தாமதம்னு தள்ளுபடி. நடுவுல ஒரு ஜன்னல் இருக்கு, ஆட்சேபணையை நிராகரிச்சு உத்தரவு வந்தவுடனே. ஹைவேஸ்ல 3டி கெஜட்ல வந்த அந்த நிமிஷமே நிலம் மத்திய அரசுக்குப் போயிடும், 1997 சட்டத்துலயும் 3(1) அறிவிப்பு வந்தா அதே கதைதான், அங்க மாநில அரசுக்குப் போகும். அதனால நிராகரிப்பு உத்தரவு வந்தா கோயில் திருவிழா முடியட்டும்னு காத்திருக்காதீங்க. இன்னொண்ணு, உள்ளூர் முன்சீஃப் கோர்ட்ல இன்ஜங்ஷன் கேட்டு வழக்கு போடாதீங்க. நில எடுப்புல சிவில் கோர்ட்டுக்கு அதிகாரம் இல்ல, அரசியல் சட்டம் 226-ம் பிரிவுல ஹைகோர்ட்தான். முன்சீஃப் கோர்ட்ல ரெண்டு வருஷம் ஓட்டிட்டு எங்ககிட்ட வர்றவங்களைப் பாத்தா பாவமா இருக்கும். அறிவிப்பு வந்த பிறகு அந்த நிலத்தை வாங்கினவங்களுக்கும் சொல்லிடறேன், எடுப்பையே எதிர்க்க உங்களுக்கு உரிமை இல்லைன்னு சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லியிருக்கு, கேக்கலாம்னா இழப்பீடு மட்டும் கேக்கலாம்.

மதுரை, திருச்சி, தஞ்சாவூர், நெல்லை பக்கம்னா மதுரை பெஞ்ச், சென்னை, சேலம், கோவை, வேலூர் பக்கம்னா சென்னை. வக்கீல் ஆபீஸுக்கு எடுத்துட்டுப் போக வேண்டியது: மூலப் பத்திரம், பட்டா, சிட்டா, அடங்கல், எஃப்எம்பி (நில அளவை) வரைபடம், புது வில்லங்கச் சான்று, கெஜட் நகல், நோட்டீஸ் வந்த கவரோட (கவரைத் தூக்கிப் போடாதீங்க, போஸ்ட் ஆபீஸ் சீல்தான் தேதிக்கு சாட்சி), ஆட்சேபணை மனு, ரசீது, நிராகரிப்பு உத்தரவு. எதிர் மனுதாரரா துறைச் செயலாளர், கலெக்டர், நில எடுப்பு டிஆர்ஓ (மாவட்ட வருவாய் அலுவலர்), இவங்களோட நிலம் யாருக்காக எடுக்கறாங்களோ அந்த நிறுவனத்தையும் சேக்கணும், விட்டுட்டா அதுவே ஒரு ரிட்டர்ன். கேக்கறது சர்ஷியோராரி ரிட், அதாவது ஆவணங்களை வரவழைச்சு உத்தரவை ரத்து பண்ணுங்கங்கறது. நம்ம ஹைகோர்ட்ல அதோட அரசு இதைச் செய்யணும்ங்கற ஒரு உத்தரவும் (அதுதான் மாண்டமஸ்) சேர்த்து சர்ஷியோராரிஃபைட் மாண்டமஸ்னு கேப்பாங்க, பேரைப் பாத்து பயப்படாதீங்க, டைப் பண்றவனுக்கே மூச்சு வாங்கும்.

"என் மனுவைப் பரிசீலிக்கச் சொல்லுங்க"ன்னு மட்டும் மாண்டமஸ் போட்டு முடிச்சுக் குடுக்கறேன்னு யாராவது சொன்னா கவனமா இருங்க. முதல் நாளே ஆர்டர் வரும், எல்லாருக்கும் சந்தோஷம், பன்னிரண்டு வாரத்துல பரிசீலிச்சு நிராகரிச்சோம்னு ஒரு லெட்டர் வரும், அவ்வளவுதான், அதுக்குள்ள 3டி வந்திருக்கும். அதே மாதிரி அஃபிடவிட்ல எதையும் மறைக்காதீங்க. முன்னாடி ஒரு கேஸ் போட்டு தோத்திருந்தா, கொஞ்சம் பணம் வாங்கியிருந்தா, சொல்லிடுங்க. மறைச்சது தெரிஞ்சா மத்த பாயின்ட் எதையும் கேக்க மாட்டாங்க.

அட்மிஷன் அன்னைக்கு ஸ்டேயும் கேப்பாங்க. வர்றது முழு ஸ்டேயா, சுவாதீனம் எடுக்க மட்டும் தடையா, இப்ப இருக்கற நிலையே நீடிக்கட்டும்ங்கற ஸ்டேட்டஸ் கோவான்னு ஆர்டரைப் படிச்சுத் தெரிஞ்சுக்கோங்க, மூணும் ஒண்ணு இல்ல. ஸ்டேட்டஸ் கோன்னா உங்க நிலத்துல பயிர் நிக்குதுங்கறதுக்கு தேதியோட போட்டோ, வீடியோ எடுத்து வைங்க, ஏன்னா அவங்க ஏற்கெனவே பஞ்சநாமா (சாட்சிகள் முன்னாடி எழுதற குறிப்பு) எழுதி காகிதத்துல சுவாதீனம் எடுத்திருப்பாங்க, கோர்ட்டும் அதை ஒத்துக்கும். முன்னாடி சொன்ன கண்ணி இதுதான்: ஸ்டே இருக்கற காலம் அரசோட கெடு கணக்குல சேராது. பதினோரு மாசம் முடிஞ்ச நிலையில நீங்க ஸ்டே வாங்கினா அந்தக் கடிகாரத்தை நீங்களே நிறுத்தினதா ஆகும். எப்ப கேக்கணும்ங்கறதை வக்கீலோட உக்காந்து பேசுங்க. 2013 சட்டத்தோட 24-ம் பிரிவை வெச்சு பழைய 1894 கேஸை எல்லாம் காலாவதி ஆக்கிடலாம்ங்கற காலமும் போச்சு, 2020 மார்ச்ல சுப்ரீம் கோர்ட்டோட அஞ்சு ஜட்ஜ் பெஞ்ச், சுவாதீனமும் எடுக்கல, பணமும் தரலங்கற ரெண்டும் சேர்ந்து இருந்தாதான் காலாவதின்னு சொல்லிடுச்சு.

தொகை கம்மிங்கறது தனி ரூட். அதுக்கு ரிட் இல்ல. 2013 சட்டம்னா அவார்டு போடும்போது நீங்க இருந்தா ஆறு வாரம், இல்லன்னா நோட்டீஸ் கிடைச்சு ஆறு வாரம் இல்லைன்னா அவார்டுலேர்ந்து ஆறு மாசம், எது முந்தியோ அதுக்குள்ள கலெக்டர்கிட்ட ரெஃபரன்ஸ் (தொகையை மேல விசாரிக்க அனுப்பச் சொல்றது) கேட்டு மனு. ஹைவேஸ்னா ஆர்பிட்ரேட்டர் (நடுவர்). பணம் வாங்கும்போது ரசீதுல "எதிர்ப்புடன் பெற்றுக்கொண்டேன்"னு கைப்பட எழுதுங்க. அந்த ரெண்டு வார்த்தை இல்லன்னா கூடுதல் கேக்கற வழியே அடைஞ்சிடும்.

காசு இல்லையேன்னு நெனக்கறவங்க மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கோ ஹைகோர்ட்லயே இருக்கற சட்டப் பணிகள் குழுவுக்கோ போங்க. பெண்கள், எஸ்சி, எஸ்டி மக்களுக்கு வருமானம் பாக்காம இலவச வக்கீல் உண்டு. சிங்கிள் ஜட்ஜ்கிட்ட தோத்தா 30 நாளுக்குள்ள ரிட் அப்பீல்.

ஜெயிச்சா? ரத்து ஆனது அந்த அறிவிப்பு மட்டும்தான், அரசு மறுபடி முதல்லேர்ந்து வரலாம், இல்லன்னா மேல சுப்ரீம் கோர்ட்டுக்குப் போய் தீர்ப்பையே மாத்தலாம். சென்னை-சேலம் எட்டு வழிச் சாலையைப் பாருங்க, 277 கிலோமீட்டர், 2019 ஏப்ரல் 8-ம் தேதி ஹைகோர்ட் ரத்து பண்ணுச்சு, 2020 டிசம்பர் 8-ம் தேதி சுப்ரீம் கோர்ட் அந்த 3ஏ அறிவிப்பு செல்லும்னு சொல்லிடுச்சு. ஆனா அதே தீர்ப்புல ஒரு விஷயம் விவசாயிகள் பக்கம் நின்னுச்சு: 3டி வர்றதுக்கு முன்னாடியே வருவாய்த்துறை பட்டாவுல பேரை மாத்தினது தப்பு, பழையபடி மாத்துங்கன்னு. அதனால கேஸ் எந்த நிலையில இருந்தாலும் மாசம் ஒரு தடவை ஆன்லைன்ல உங்க பட்டாவை எடுத்துப் பாருங்க. சித்தப்பா இப்ப மிச்சம் இருக்கற 40 சென்ட்டுக்கு அப்படித்தான், ஒவ்வொரு ஒண்ணாம் தேதியும் எனக்கு போன் பண்ணி "பேரு இருக்காடா"ன்னு கேப்பார், நான் எடுத்துப் பாத்து ஸ்க்ரீன்ஷாட் அனுப்பணும்.